என் மாமனாரின் அப்பா ஒரு ஐ.ஆர்.ஏ. தொண்டர்: அவரைத் தேடிய கதையும் தொலைத்த பணமும்

என் கணவர் வீட்டார் அயர்லாந்திலிருந்து வந்தவர்கள். கணவரின் தாத்தா கெர்ரி கவுண்டிக்காரர். பிரிட்டிஷ் ஆட்சிக்கு எதிராகவும், அதற்குப் பிறகு நடந்த உள்நாட்டுப் போரிலும் ஐ.ஆர்.ஏ. (ஐரிஷ் குடியரசுப் படை) தொண்டராக இருந்துவிட்டு, 1926-ல் கப்பலேறி நியூயார்க் வந்து, சப்வேயில் வேலை பார்த்து, பிராங்க்ஸில் குடும்பம் நடத்தி, 1971-ல் இறந்துபோனார். அவரைப் பற்றிக் குடும்பத்துக்கு உறுதியாகத் தெரிந்தது இவ்வளவுதான். மற்றதெல்லாம் கல்யாண வீட்டில் இரண்டு ரவுண்டு போன பிறகு சொல்லப்படும் கதைகள். அவருடைய வாழ்க்கையை ஒழுங்காகத் தெரிந்துகொள்ள நான் பட்ட பாடு, கொடுத்த பணம், போன காலம் எல்லாவற்றையும் இங்கே எழுதுகிறேன். இந்த வேலையில் எனக்கு யாரும் துணை இல்லை. கணவருக்கு ஆர்வமில்லை, நாத்தனார்களுக்கு 'பழசை எதுக்குக் கிளறணும்' என்ற எண்ணம். இப்படி இதை எழுதி வைத்த ஒருவரையாவது முன்பே படித்திருந்தால் ஆயிரக்கணக்கான டாலரும், அதைவிட முக்கியமாக ஒரு முழு வருடமும் மிஞ்சியிருக்கும்.

இதை ஆரம்பித்ததே மாமனாருக்காகத்தான். எண்பத்தைந்தைத் தாண்டியவர், யாங்கர்ஸில் எங்களோடு இருந்தார். ஞாபகம் மெல்ல மங்க ஆரம்பித்திருந்தது. அந்த வயதில்தான் அவருக்குத் தன் அப்பாவைப் பற்றிய கேள்விகள் வந்தன. 'அவர் யாரையாவது சுட்டாரா? ஏன் ஒரு தடவைகூட ஊருக்குத் திரும்பிப் போகலை? அவருக்கு அண்ணன் தம்பி இருந்தாங்களா?' என்று என்னிடம் கேட்பார். சொந்த அப்பாவோடு முப்பது வருடத்துக்கு மேல் வாழ்ந்த மனிதர், அப்பாவின் அண்ணன் தம்பி பெயர் தெரியாமல் மருமகளிடம் கேட்கிறார் என்றால் அந்த வீட்டில் எவ்வளவு பேசாமல் இருந்திருப்பார்கள் என்று யோசித்துப் பாருங்கள். எனக்கு அது தாங்கவில்லை. கண்டுபிடித்துத் தருகிறேன் என்று வாக்குக் கொடுத்தேன்.

அவருடைய உடல்நிலை காரணமாகச் சீக்கிரம் முடிய வேண்டும் என்று, குடும்ப வரலாறு தேடித் தரும் ஒரு நிறுவனத்திடம் கொடுத்தேன். பெயர் வேண்டாம். முன்பணமும் மீதியும் சேர்ந்து 1,400 டாலர். அதோடு அவர்கள் சொன்னபடி ஒரு இணையதளத்துக்கு வருடச் சந்தா, ஏதேதோ சான்றிதழ்களுக்குத் தனிக் கட்டணம் என்று மொத்தம் கிட்டத்தட்ட 2,000 டாலர் போனது. பல மாதம் இழுத்தடித்து, கடைசியில் அழகாக பைண்டு செய்த ஒரு அறிக்கை வந்தது. அதில் ஒரு வீரர் இருந்தார். வடக்கு கெர்ரி, லிஸ்டோவெல் பக்கம், கெர்ரி முதலாம் பிரிகேட், பறக்கும் படையில் (இடம் மாறிக்கொண்டே திடீர்த் தாக்குதல் நடத்தும் சிறு படை) இருந்தவர், ராணுவ சேவைப் பென்ஷன் வாங்கியவர். மாமனார் அதைப் படித்து அழுதார். பென்ஷன் தாளின் நகலைச் சட்டம் போட்டுச் சுவரில் மாட்டச் சொன்னார். வருகிறவர்களிடமெல்லாம் காட்டினார்.

எனக்கு ஒரே ஒரு விஷயம் உறுத்திக்கொண்டே இருந்தது. அறிக்கையில் இருந்த பிறந்த வருடம் எங்கள் வீட்டில் சொல்வதற்கு மூன்று வருடம் முந்தி இருந்தது. அந்த நிறுவனத்தைக் கேட்டால், அந்தக் காலத்தில் வயதெல்லாம் முன்னே பின்னேதான் இருக்கும் என்றார்கள். அது உண்மைதான், அதனால்தான் அந்தப் பதிலோடு அத்தனை நாள் சும்மா இருந்தேன். அப்புறம் ஒரு ராத்திரி, அவர்கள் நகல் எடுத்திருந்த அந்தப் பென்ஷன் ஃபைல் அயர்லாந்து ராணுவ ஆவணக் காப்பகத்தின் தளத்தில் முழுசாக, இலவசமாகவே கிடைக்கிறது என்று தெரிந்து, உட்கார்ந்து கடைசிப் பக்கம் வரை படித்தேன். அந்த மனிதர் 1950-களில் பென்ஷன் சம்பந்தமாகத் தன் கைப்பட எழுதிய கடிதங்கள் இருந்தன. எல்லாம் கெர்ரியிலிருந்தே எழுதியவை. எங்கள் தாத்தா அப்போது பிராங்க்ஸில் இருந்தார், மாமனாருக்குப் பதினைந்து பதினாறு வயது. பெயர் ஒன்று, ஆள் வேறு. கடைசிப் பக்கங்களை அறிக்கையில் சேர்க்காமலேயே விட்டிருந்தார்கள். வேறு ஒரு குடும்பத்தின் அப்பாவை எங்கள் வீட்டுச் சுவரில் மாட்டி வைத்திருந்தோம்.

கோபத்தைவிட அவமானம்தான் அதிகமாக இருந்தது. இதை அவரிடம் எப்படிச் சொல்வது? சொல்லாமல் விட்டுவிடலாம், சந்தோஷமாகவே போகட்டும் என்றுகூடக் கணவர் சொன்னார். என்னால் முடியவில்லை. சொன்னேன். கொஞ்ச நேரம் சட்டத்தையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, 'அப்போ என் அப்பா யாரு?' என்று கேட்டார். அந்த நிறுவனம் பணத்தைத் திருப்பித் தரவில்லை, அவர்கள் ஒப்பந்தத்திலேயே முடிவுக்கு உத்தரவாதம் இல்லை என்று ஒரு வரி இருக்கிறதாம். யாரிடமாவது பணம் கொடுத்துத் தேடுவதாக இருந்தால், ஒவ்வொரு தாளும் உங்கள் ஆளுடையதுதான் என்பதற்கு என்ன ஆதாரம் என்று எழுத்தில் கேட்டு வாங்குங்கள். பெயரும் ஊரும் ஒத்துப்போவது ஆதாரமே இல்லை. அயர்லாந்தின் அந்தப் பகுதியில் முதல் பையனுக்கு அப்பாவின் அப்பா பெயர், இரண்டாவது பையனுக்கு அம்மாவின் அப்பா பெயர் என்று வைக்கும் வழக்கம் உண்டு. அதனால் ஒரு தாத்தாவுக்கு ஐந்து மகன்கள் என்றால் அதே பெயரில் ஐந்து பேரன்கள் இருப்பார்கள். நம் ஊரிலும் தாத்தா பெயரைப் பேரனுக்கு வைப்போம், ஆனால் அங்கே அதோடு குடும்பப் பெயரும் ஒன்றாகிவிடும். கென்மேர் பக்கம் சல்லிவன் என்ற குடும்பப் பெயர் அவ்வளவு அதிகம் என்பதால், இன்ன சல்லிவன் என்று தெரிய ஒவ்வொரு கிளைக்கும் ஒரு பட்டப்பெயரே இருக்கிறது.

சரி, எப்படித் தேடியிருக்க வேண்டும்? அயர்லாந்தில் ஆரம்பிக்கக் கூடாது. அவர் இறந்த ஊரில் ஆரம்பித்துப் பின்னால் போக வேண்டும். இதைத்தான் நான் இரண்டாவது முறை தனியாகச் செய்தேன். இறப்புச் சான்றிதழ், பிராங்க்ஸ் சர்ச்சில் நடந்த கல்யாணப் பதிவு, அதற்குப் பிறகு அமெரிக்கக் குடியுரிமை மனு. இந்த மனுதான் பெரிய கதவைத் திறந்தது. பிறந்த தேதி, பிறந்த ஊர், வந்த கப்பல், இறங்கிய தேதி, மனைவி பெயர் எல்லாம் அதில் இருக்கும். நியூயார்க்கில் கூட்டாட்சி நீதிமன்றங்களில் போட்ட மனுக்கள் அமெரிக்க தேசிய ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன, பலவற்றை ஃபேமிலிசர்ச் தளத்தில் இலவசமாகவே பார்க்கலாம். கப்பல் பெயரும் தேதியும் கிடைத்ததும் பயணிகள் பட்டியலை எடுத்தேன். 1920-களின் பட்டியலில் பெயர் மட்டும் இருக்காது. விட்டு வந்த நாட்டில் இருக்கும் நெருங்கிய உறவினர் யார், எந்த ஊர், போய்ச் சேரும் இடத்தில் யார் வீடு, உயரம், கண் நிறம் வரை இருக்கும். எங்கள் தாத்தா கோப் துறைமுகத்தில் ஏறியிருக்கிறார். நெருங்கிய உறவு: அம்மா. ஊர்: கில்கார்வன். கென்மேருக்குப் பக்கத்தில் உள்ள மலையடிவாரக் கிராமம். தெற்கு கெர்ரி, அதாவது அந்த நிறுவனம் காட்டிய இடத்துக்கு நேர் எதிர்ப் பக்கம்.

ஊர் கிடைத்தால் போதாது, அதற்குள் இருக்கும் டவுன்லேண்ட் தெரிய வேண்டும். இது நம் ஊர்க் குக்கிராமத்தைவிடச் சின்னது, சில வீடுகளும் வயல்களும் சேர்ந்த ஒரு பகுதி. அயர்லாந்து முழுக்க 60,000-க்கும் மேல் இருக்கின்றன. கிராமத்தையும் பெயரையும் வைத்துக்கொண்டு தேடினால் இரண்டு மூன்று பேர் வருவார்கள், டவுன்லேண்டைச் சேர்த்தால்தான் ஒருவர் ஆவார். 1901, 1911 மக்கள்தொகைக் கணக்கெடுப்புத் தாள்கள் அயர்லாந்து தேசிய ஆவணக் காப்பகத்தின் தளத்தில் இலவசம். பிறப்புப் பதிவுகள் அரசின் ஐரிஷ் ஜீனியாலஜி தளத்தில் படத்தோடு இலவசம்: நூறு வருடம் தாண்டிய பிறப்புகள், 75 வருடம் தாண்டிய கல்யாணங்கள், 50 வருடம் தாண்டிய இறப்புகள். கெர்ரிக்கு சர்ச் ஞானஸ்நானப் பதிவுகளும் அதே தளத்தில் உண்டு. பழைய அயர்லாந்து ஆவணங்கள் எல்லாம் எரிந்துவிட்டன என்று எல்லாரும் சொல்வார்கள். 1922 ஜூன் 30-ல் டப்ளின் நீதிமன்ற வளாகமான ஃபோர் கோர்ட்ஸில் நடந்த உள்நாட்டுப் போர்ச் சண்டையில் பொது ஆவண அலுவலகம் வெடித்து எரிந்தது நிஜம்தான். 19-ஆம் நூற்றாண்டுக் கணக்கெடுப்புத் தாள்கள் பெரும்பாலும் அதில்தான் போயின, அல்லது அதற்கு முன்பே அரசே அழித்திருந்தது. ஆனால் 1901-ம் 1911-ம் பிறப்பு இறப்புப் பதிவுகளும் அங்கே இல்லாததால் தப்பின. நமக்கு வேண்டிய தலைமுறைக்கு இவை போதும்.

பிறந்த தேதி விஷயத்தில் பயந்துவிடாதீர்கள். தாத்தாவுக்கு மூன்று தேதிகள் கிடைத்தன. ஞானஸ்நானப் பதிவில் ஒன்று, அரசுப் பதிவில் இன்னொன்று, அமெரிக்க மனுவில் இன்னொன்று. அரசுப் பதிவின்படி பார்த்தால் பிறப்பதற்கு முன்பே அவருக்கு ஞானஸ்நானம் ஆகியிருக்கிறது! அபராதம் கட்டாமல் இருக்க, தாமதமாகப் பதிவு செய்கிறவர்கள் தேதியைத் தள்ளிச் சொல்வது அப்போது சாதாரணம். சில வாரம், சில மாத வித்தியாசம் பிரச்சினை இல்லை. மூன்று வருடம் என்றால் சந்தேகப்படுங்கள். குடும்பப் பெயரின் முன்னால் வரும் 'ஓ' ஒரு தாளில் இருக்கும், ஒரு தாளில் இருக்காது. இரண்டையும் போட்டுத் தேட வேண்டும்.

இப்போது தொண்டர் என்ற பகுதிக்கு வருகிறேன், ஏனென்றால் இங்கேதான் வீட்டுக் கதைக்கும் தாளில் இருப்பதற்கும் இடைவெளி அதிகம். எங்கள் வீட்டில் சொல்லப்பட்ட கதை, தாத்தா 1921 மார்ச் 21-ல் ஹெட்ஃபோர்ட் ஜங்ஷன் தாக்குதலில் துப்பாக்கியோடு இருந்தார் என்பது. பிரிட்டிஷ் சிப்பாய்கள் வந்த ரயிலை கெர்ரி இரண்டாம் பிரிகேடின் பறக்கும் படை தாக்கிய இடம் அது. படைத் தலைவர் டான் ஆல்மன் அங்கேதான் இறந்தார். கெர்ரி வம்சாவளியில் ஹெட்ஃபோர்ட்டில் இருந்ததாகச் சொல்லப்படாத தாத்தாவே இல்லை போலிருக்கிறது, எனக்கு வந்த கடிதங்களில் பாதியில் அந்தப் பெயர் இருந்தது.

உண்மையைப் பார்க்க இரண்டு இடங்கள் இருக்கின்றன. முதலாவது, உறுப்பினர் பட்டியல்கள். 1930-களில் பென்ஷன் மனுக்களைச் சரிபார்ப்பதற்காக, பழைய அதிகாரிகளே ஒவ்வொரு கம்பெனியிலும் (பிரிகேடுக்குள் இருந்த ஊர்மட்டப் படைப்பிரிவு) யார் யார் இருந்தார்கள் என்று இரண்டு தேதிகளுக்கு எழுதிக் கொடுத்தார்கள்: பிரிட்டிஷாரோடு போர் நிறுத்தம் வந்த 1921 ஜூலை 11, உள்நாட்டுப் போர் ஆரம்பித்த சமயமான 1922 ஜூலை 1. இவை ராணுவ ஆவணக் காப்பகத் தளத்தில் பிரிகேட் வாரியாக இருக்கின்றன. முகவரி இருக்க வேண்டிய இடத்தில் பல பேருக்கு 'அமெரிக்கா' என்று மட்டும் எழுதியிருக்கும். ஒரு சின்ன மலைக்கிராமத்தின் பட்டியலில் அமெரிக்கா, அமெரிக்கா என்று வரிசையாக வருவதைப் பார்த்தபோது எனக்குத் தொண்டை அடைத்தது. நாட்டுக்காகப் போராடிய பையன்களில் இத்தனை பேருக்கு அந்த நாட்டில் இடமில்லாமல் போயிருக்கிறது. எங்கள் தாத்தாவின் பெயர் இரண்டு தேதிகளிலும் இருந்தது. அப்படியென்றால், பிரிட்டனோடு 1921 டிசம்பரில் போட்ட ஒப்பந்தத்தையும் அதை ஏற்றவர்களின் புதிய அரசையும் எதிர்த்த பக்கம் நின்றார் என்று அர்த்தம்.

இரண்டாவது இடம், பென்ஷன் ஃபைல். 1924 சட்டத்தின் கீழ் புதிய அரசின் ராணுவத்தில் இருந்தவர்களுக்குத்தான் கிடைத்தது. ஒப்பந்தத்தை எதிர்த்தவர்களின் தலைவராக இருந்த டி வலேரா ஆட்சிக்கு வந்த பிறகு, 1934 சட்டம்தான் எதிர்ப்பக்கத்தில் நின்றவர்களுக்கும் கதவைத் திறந்தது. இரண்டுக்கும் சேர்த்து சுமார் 82,000 பேர் மனுப் போட்டார்கள், சுமார் 15,700 பேருக்குத்தான் கிடைத்தது. பென்ஷன் வாங்கவில்லை என்றால் ஃபைல் இருக்காது என்று அந்த நிறுவனம் என்னிடம் சொன்னது பொய். நிராகரிக்கப்பட்டவர்களின் ஃபைல்களும் இருக்கின்றன, அவற்றில் பல ஏற்கெனவே இணையத்தில் வந்துவிட்டன. எங்கள் தாத்தாவும் நியூயார்க்கிலிருந்தபடியே மனுப் போட்டு, நிராகரிக்கப்பட்டிருக்கிறார்.

அந்த ஃபைலைத் திறந்த ராத்திரி நான் தூங்கவில்லை. அவருடைய கையெழுத்து. என்னென்ன செய்தேன் என்று வருடவாரியாக எழுதியிருக்கிறார். ராணுவ லாரிகள் போக முடியாதபடி சாலையில் பள்ளம் வெட்டினேன். மரங்களைச் சாய்த்துப் போட்டேன். கடிதங்களை மலைவழியே அடுத்த கம்பெனிக்குக் கொண்டு போனேன். பறக்கும் படை தங்கிய வீடுகளுக்கு வெளியே ராத்திரி முழுக்கக் காவல் நின்றேன். ஹெட்ஃபோர்ட் பெயரே இல்லை. அவர் தன்னைப் பெரிதாக்கிக் காட்டவே இல்லை, காட்டியிருந்தால் ஒருவேளை பென்ஷன் கிடைத்திருக்கும். பதில் கடிதத்தில், இந்தச் சட்டம் பொருந்தும் நபர் நீங்கள் அல்ல என்று ஒரே வரி. மனு போட்ட பல்லாயிரம் பேருக்கும் இதே வாக்கியம்தான் போயிருக்கிறது. சட்டம் 'செயல்மிகு சேவை' என்று கேட்டது, அதற்கு அவர்கள் வைத்த அளவுகோல் பெரும்பாலும் சண்டையில் பங்கெடுப்பதுதான். பள்ளம் வெட்டியவனும் காவல் நின்றவனும் அதில் வரவில்லை. இந்த விஷயத்தில் எனக்கு இன்றும் கோபம் இருக்கிறது. அந்த வேலைகள் நடக்காமல் எந்தப் பறக்கும் படையும் ஒரு வாரம்கூடத் தப்பியிருக்காது. மாட்டிக்கொண்டால் இவர்களுக்கும் அதே சிறை, வீட்டுக்கு அதே தீ. ஆகவே உங்கள் தாத்தா ஃபைலில் துப்பாக்கி இல்லை என்றால் ஏமாந்து மூடிவிடாதீர்கள், அந்தச் சின்ன வேலைகளை ஒவ்வொன்றாகப் படியுங்கள்.

உள்நாட்டுப் போர் பகுதிதான் மனதை உடைத்தது. கெர்ரியில் அது நடந்த விதம் மற்ற எங்கேயும் நடந்ததைவிட மோசம். 1922 ஆகஸ்டில் அரசுப் படை கடல் வழியாக வந்து இறங்கி கென்மேரைப் பிடித்தது, செப்டம்பர் 9-ல் ஒப்பந்தத்தை எதிர்த்த குடியரசுவாதிகள் அதைத் திரும்பப் பிடித்தார்கள். அன்று அரசுப் படையைச் சேர்ந்த ஓ'கானர் சகோதரர்கள் இரண்டு பேர் அவர்கள் வீட்டிலேயே சுட்டுக் கொல்லப்பட்டார்கள். 1923 மார்ச் 7-ல் பாலிசீடியில் அரசுப் படையினர் ஒன்பது கைதிகளைக் கண்ணிவெடியைச் சுற்றிக் கட்டி வைத்து வெடித்தார்கள். எட்டுப் பேர் இறந்தார்கள், ஸ்டீபன் ஃபுல்லர் என்பவர் மட்டும் தூக்கி வீசப்பட்டுப் பிழைத்தார். அதே நாளில் கில்லார்னி பாலத்தருகே இன்னும் நான்கு பேர், சில நாளில் காஹெர்சிவீன் பக்கம் ஐந்து பேர். தாத்தா அதற்கு முந்தைய மாதம் பிடிபட்டு, 1923 கடைசி வரை முகாம் சிறையில் இருந்திருக்கிறார். பிடிபட்ட கெர்ரி கைதிகளில் யாரைக் கூட்டிப் போய் வெடி வைப்பார்கள் என்று தெரியாத காலத்தில் அவர் கைதி.

அப்புறம் நான் தேடாமலேயே ஒன்று கிடைத்தது. 1922 நவம்பர் 12 நள்ளிரவில், புதிய அரசின் ராணுவத்தில் யார் யார் இருக்கிறார்கள் என்று ஒரு கணக்கெடுப்பு எடுத்தார்கள். அதுவும் இலவசமாக அதே தளத்தில் இருக்கிறது: பெயர், சொந்த முகவரி, நெருங்கிய உறவினர். தாத்தாவின் டவுன்லேண்டைப் போட்டுப் பார்த்தேன். அதே குடும்பப் பெயர், நெருங்கிய உறவினராக அதே அம்மா, அதே வீடு. அண்ணன். தம்பி மலையில் ஒளிந்திருந்த அதே ராத்திரி அண்ணன் அரசுப் படையின் பாசறையில் இருந்திருக்கிறான். ஒரே அம்மாவின் பெயரை இரண்டு பக்கத்துத் தாள்களும் சொல்கின்றன. மாமனார் கேட்ட 'ஏன் திரும்பிப் போகலை' என்பதற்கும், 'அண்ணன் தம்பி இருந்தாங்களா' என்பதற்கும் ஒரே பதில்.

இதனால் ஒரு எச்சரிக்கை. அயர்லாந்தில் உள்ள உறவினர்களுக்கு எழுதும்போது, முதல் கடிதத்திலேயே தாத்தா எந்தப் பக்கம் நின்றார் என்று எழுதாதீர்கள். நான் எழுதிய முதல் கடிதத்துக்குப் பதில் வரவில்லை. அண்ணன் வழிப் பேத்தி ஒருவரை உள்ளூர் சர்ச் மூலமாகப் பிடித்து, நான் இந்தியாவிலிருந்து இந்த வீட்டுக்கு வந்த மருமகள், கிழவருக்காகக் கேட்கிறேன் என்று சொன்ன பிறகுதான் பேச ஆரம்பித்தார்கள். வெளியாள் என்பது எனக்கு உதவியாகத்தான் இருந்தது. நூறு வருடம் ஆனாலும் அந்த ஊர்களில் அது இன்னும் ஆறாத புண். அவர்கள் வேகத்துக்குத்தான் நாம் போக வேண்டும்.

சிறையிலிருந்து வந்தவர்களுக்கு ஊரில் பிழைப்பு இல்லை. அரசு வேலைக்கும் உள்ளாட்சி வேலைக்கும் அரசுக்கு விசுவாச உறுதிமொழி கேட்டார்கள், கொள்கைக்காகச் சிறை போனவன் அதை எப்படிக் கொடுப்பான்? ஐ.ஆர்.ஏ.வோ, அனுமதி இல்லாமல் தொண்டர்கள் நாட்டை விட்டுப் போகக் கூடாது என்று முதலில் தடுத்துப் பார்த்தது. பசிக்கு முன்னால் அது நிற்கவில்லை. அமெரிக்காவின் 1924 சட்டத்தில் ஐரிஷ் சுதந்திர நாட்டுக்கு வருடத்துக்கு 28,567 பேர் என்று ஒதுக்கீடு இருந்தது, விசா கிடைத்தது, ஆயிரக்கணக்கில் போனார்கள்.

அதே கில்கார்வனிலிருந்து அதே 1926-ல் நியூயார்க் வந்த இன்னொரு குடியரசுத் தொண்டர் மைக் குவில். கெர்ரியில் அவர் வீடே ஐ.ஆர்.ஏ.காரர்கள் வந்து போகும் இடமாக இருந்தது. இவர் பிற்காலத்தில் புகழ்பெற்றதால், புகழ்பெறாத எங்கள் தாத்தாவைப் புரிந்துகொள்ளவும் வழி கிடைத்தது. ஐ.ஆர்.டி. சப்வே நிறுவனத்தில் ஐரிஷ்காரர்கள் அவ்வளவு பேர் இருந்தார்கள். நாளுக்குப் பன்னிரண்டு மணி நேரம், வாரம் ஏழு நாள் வேலை. சங்கம் என்று வாயைத் திறந்தால் நிறுவனத்தின் ஒற்றர்கள் போட்டுக் கொடுத்து வேலை போகும். 1934-ல் குவிலும், ஜெரால்டு ஓ'ரெய்லி, தாமஸ் ஓ'ஷே போன்ற பழைய ஐ.ஆர்.ஏ.காரர்களும், கம்யூனிஸ்டுகளும் சேர்ந்து போக்குவரத்துத் தொழிலாளர் சங்கத்தைத் தொடங்கினார்கள். ஒரு குழுவுக்கு இன்னொரு குழு தெரியாதபடி, ஊரில் கற்ற ரகசிய முறையிலேயே ஆள் சேர்த்தார்கள். பெயரைக்கூட டப்ளினில் லார்கினும் கானலியும் நடத்திய சங்கத்தை நினைத்துத்தான் வைத்தார்கள். குவில் 1966 ஜனவரி 1-ல் நியூயார்க் முழுவதையும் நிறுத்திய பன்னிரண்டு நாள் வேலைநிறுத்தத்தை நடத்தி, அதற்காகக் கைதாகி, காவலில் மயங்கி விழுந்து, ஜெயித்த பிறகு அந்த மாதம் 28-ஆம் தேதியே இறந்துபோனார். சவப்பெட்டி மேல் அயர்லாந்துக் கொடி போர்த்தியிருந்தது. அந்த வேலைநிறுத்தத்தில் தாத்தாவும் பணிக்குப் போகாமல் வீட்டில் இருந்தது மாமனாருக்கு நன்றாக ஞாபகம் இருந்தது. குவில் இறந்த அன்று அப்பா சமையலறையில் தனியாக உட்கார்ந்திருந்தார், ஏன் என்று யாரும் கேட்கவில்லை என்றார்.

அவர் ஏன் எதுவும் பேசவில்லை என்பது எனக்கு இந்த இடத்தில்தான் விளங்கியது. பத்தொன்பது வயதில் பேசாதே என்று இயக்கம் கற்றுக்கொடுத்தது. இருபத்தொன்றில் அண்ணன் எதிர்ப்பக்கம் போன பிறகு பேச முடியாமல் போனது. முப்பதுகளில் பேசினால் வேலை போகும் என்று சப்வே கற்றுக்கொடுத்தது. கடைசியில் நீ தொண்டனே இல்லை என்று ஒரு கடிதமும் வந்தது. அதற்கு மேல் பிள்ளைகளிடம் என்ன சொல்வார்? வீட்டில் பேசாத மனிதர்களைக் கோழை என்றோ கல்நெஞ்சம் என்றோ நினைப்பவர்கள் இந்த வரிசையைக் கொஞ்சம் பார்க்க வேண்டும்.

மாமனாரிடம் இதையெல்லாம் சேர்ந்தாற்போல் சொல்ல எனக்கு நேரம் கிடைக்கவில்லை. தவறான ஆளைத் துரத்திய அந்த ஒரு வருடத்தில் அவர் ஞாபகம் நிறையக் கரைந்துவிட்டது. தெளிவாக இருக்கும் காலை நேரங்களில் கொஞ்சம் கொஞ்சமாகப் படித்துக் காட்டினேன். அண்ணன் விஷயத்தைச் சொன்னபோது, அயர்லாந்து முத்திரையோடு கிறிஸ்துமஸ் சமயத்தில் ஒரு கடிதம் வரும், அப்பா அதை வாங்கி அம்மாவிடம் கொடுத்துவிட்டு வெளியே போய்விடுவார் என்று சொன்னார். அதைப் பற்றி அவர் அதுவரை யாரிடமும் சொன்னதில்லை. அடுத்த வசந்தத்தில் இறந்துபோனார். 2,000 டாலரை மறந்துவிட்டேன், அந்த ஒரு வருடத்தை மறக்க முடியவில்லை. வீட்டில் பெரியவர் உயிரோடு இருந்தால் தாள்களைத் தேடுவதற்கு முன்பே போனில் அவர் பேச்சைப் பதிவு செய்துவிடுங்கள். 'அப்பா போராடினாரா' என்று கேட்டால் பதில் வராது. கடிதம் யாரிடமிருந்து வந்தது, ஞாயிற்றுக்கிழமை யார் வீட்டுக்குப் போவீர்கள், எந்தப் பெயரைச் சொன்னால் அப்பா எழுந்து போய்விடுவார் என்று கேளுங்கள்.

கடைசியாகச் சில நடைமுறை விஷயங்கள். 1947-லிருந்து பத்து வருடம் அயர்லாந்து அரசு சேகரித்த 1,773 சாட்சி வாக்குமூலங்கள் இலவசமாகப் படிக்கக் கிடைக்கின்றன. உங்கள் ஆள் பெயர் இல்லாவிட்டாலும் அவருடைய கம்பெனி அதிகாரி யாராவது பேசியிருப்பார். ஆனால் அவை 1921-ஓடு நின்றுவிடும், உள்நாட்டுப் போரை அதில் தேடாதீர்கள். 1917 முதல் 1921 வரையிலான சேவைக்கு ஒரு பதக்கம் உண்டு, அதற்கான மனுவே தனி ஃபைலாக இருக்கலாம். பென்ஷன் ஃபைல்களைக் கட்டம் கட்டமாகத்தான் வெளியிடுகிறார்கள். அதனால் தேடி வரவில்லை என்றால் இல்லை என்று முடிவு கட்டாமல், பெயர், டவுன்லேண்ட், கம்பெனி மூன்றையும் குறிப்பிட்டு ராணுவ ஆவணக் காப்பகத்துக்கு மின்னஞ்சல் போடுங்கள், எனக்குப் பொறுமையாகப் பதில் எழுதினார்கள். சப்வேயில் வேலை பார்த்த தாத்தா என்றால் அந்தச் சங்கத்தின் ஆவணங்கள் நியூயார்க் பல்கலைக்கழகத்தின் டாமிமென்ட் நூலகத்தில் இருக்கின்றன, முன்கூட்டியே சொல்லிவிட்டுப் போனால் பெட்டியை எடுத்து வைப்பார்கள். 1926 ஏப்ரல் 18-ல் எடுத்த ஐரிஷ் கணக்கெடுப்பு நூறு வருடம் மூடி வைக்கும் விதிக்கு உட்பட்டது, அந்த நூறு வருடம் 2026 ஏப்ரலில் முடிகிறது. எங்கள் தாத்தா கப்பலேறியது அந்த வருடத்து இலையுதிர் காலத்தில். அதனால் அந்தத் தாளில் அவரும் அம்மாவும் ஒரே வீட்டில் இருந்தாக வேண்டும், அண்ணனும் இருந்தானா என்பதுதான் நான் அதில் முதலில் பார்க்கப்போவது.